கூடத்தின் நடுவே ஒரு சுவர்

"தொட்டிலை எடுத்துக்கிட்டு வாசலுக்குப் போ, சீக்கிரம்!" என்று மனைவியை விரட்டிவிட்டுப் பாடத் தொடங்கினான் அண்ணன்.

அண்ணனும் தம்பியும் ஒலிக்கொத்தர் சங்கத்து ஆட்கள். பாடியே மண்ணைச் சுவராக எழுப்புவார்கள். சுவருக்கு இரண்டு பக்கமும் ஆள் நின்று, ஒரே சுருதியில் பாட வேண்டும். பேச்சு நின்றுபோன இருவரும் இன்று வீட்டைப் பிரிக்கும் சுவருக்காகச் சேர்ந்து பாடினார்கள்.

உத்தரத்தைத் தொடப்போன சுவர், பொத்தென்று உட்கார்ந்தது.

"உங்க தம்பிதான் கெடுத்தார்!" என்றாள் அண்ணி வாசலிலிருந்து.

"எங்க வீட்டுக்காரர் குரலுக்கு என்னக்கா குறைச்சல்? பெரியவர் தொண்டையைப் பாருங்க!" என்று பின்கட்டிலிருந்து பதில் வந்தது.

சாட்சிக்கு வந்திருந்த சங்கத் தலைவி மண்மேட்டைச் சுற்றி வந்தார்.

"சண்டை வேண்டாம்மா. ஒருத்தர் சுருதி விட்டா, சுவர் அவர் பக்கம் சாயும். இது நேரா உட்கார்ந்திருக்கு."

"அப்படின்னா?" என்றாள் அண்ணி.

தலைவி வாசலில் இருந்த தொட்டிலைப் பார்த்தார். பின்கட்டில், பிள்ளைகளோடும் மூட்டை முடிச்சோடும் நின்ற தம்பி மனைவியைப் பார்த்தார்.

"உன்னை அங்கே போய் நிக்கச் சொன்னது யாரு?"

"இவர்தான். பாட ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடியே விரட்டிட்டார்."

அண்ணன் சட்டென்று நிமிர்ந்தான். தம்பி தலையைக் குனிந்துகொண்டான்.

"ரெண்டு பேருமே வேணும்னுதான் சுருதியை விட்டிருக்காங்க. சுவர் தன் பக்கம்தான் விழும்னு நினைச்சு, ஆளுக்கு ஆள் இடத்தைக் காலி பண்ணி வெச்சிருக்காங்க" என்றார் தலைவி.