ஒத்திகையில் சொல்லக் கூடாத வரி

கடலுக்குள் நீண்டிருக்கும் மரப்பாலத்தின் முனையில் அரங்கு. மதியம் மூன்று மணிக்கே விளக்குப் போட்டாயிற்று. பலகைகளுக்கு அடியில் அலை முட்டிக்கொண்டே இருக்கிறது. கிறிஸ்துமஸ் நாடகத்தின் கடைசி ஒத்திகை. மேடை நிர்வாகி கிளெனிஸ் முன்வரிசையில் ஆறிப்போன தேநீரோடு உட்கார்ந்திருக்கிறாள். மேடையில் பஞ்சு மார்பும் ஆரஞ்சு நிறப் பொய்முடியுமாகச் சமையல்காரி வேடத்தில் நிற்பவர் டெஸ்மண்ட் பார்க்கின். நாற்பத்தோரு வருடமாக இந்த ஊரைச் சிரிக்க வைப்பவர். ஒரு சிரிப்பு அடங்குவதற்குள் அடுத்த வேடிக்கையை எடுத்துவிடுவார். நாடகத்தின் கடைசி இரண்டு வரியை ஒத்திகையில் யாரும் சொல்வதில்லை. சொன்னால் நாடகத்துக்கு ஆகாது. அந்த இடம் வந்தால் டெஸ்மண்ட் "டண்டணக்கா" என்று இடுப்பை ஆட்டிவிட்டுப் போய்விடுவார். இன்று ஆட்டவில்லை. காலி நாற்காலிகளைப் பார்த்து, நிதானமாக, இரண்டு வரியையும் சொல்லிமுடிக்கிறார்.

"அடப்பாவி மனுஷா, புத்தி கெட்டுப்போச்சா?" இளவரசன் வேடத்திலிருக்கும் நோரா அலறுகிறாள். "வெள்ளிக்கிழமை முதல் ஆட்டம்! தோஷம் போக வெளிய போய் மூணு சுத்து சுத்திட்டு வாங்க!"

"தெரிஞ்சுதான் சொன்னேன், கண்ணு." பொய்முடியைக் கழற்றுகிறார். வழுக்கையில் வியர்வை மின்னுகிறது. "வியாழக்கிழமை ஆஸ்பத்திரியில என் வயித்தைக் கிழிக்கிறாங்க. எழுந்து வர்றது சந்தேகம்னு டாக்டரே சொல்லிட்டாரு. வேற சமையல்காரியைப் பாத்துக்கங்க."

மேடையே சிரிக்கிறது. கிளெனிசும் சிரிக்கிறாள். சிரிப்பு மெல்ல அடங்குகிறது. பொய்முடியை மார்போடு பிடித்தபடி டெஸ்மண்ட் நிற்கிறார். கிளெனிஸ் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். அடுத்த வேடிக்கை வரவில்லை.