மூன்றாம் தீவு

எழுபத்து நான்காவது பாராட்டும் வந்துவிட்டது.

முடிவைப் பார்த்துக் கண் கலங்கிவிட்டதாம் ஒருவனுக்கு.

விளையாட்டை இணையத்தில் ஏற்றியவனுக்கோ சிரிப்பு வந்தது. அதில் முடிவே கிடையாது.

பெரிய கணினிகளுக்காக யாரோ தனியாளாகச் செய்த கேம். ஒரு தபால்காரி படகில் மூன்று தீவுகளுக்குக் கடிதம் கொண்டுபோவாள். இருபது வருடப் பழைய கையடக்கக் கருவியில் அதை ஓடவைக்க, பதினான்கு மாத மாலைகளைக் கொட்டியிருந்தான். கடலை நான்கே நிறத்துக்குச் சுருக்கினான். மழையை எடுத்துவிட்டு மழைச் சத்தத்தை மட்டும் வைத்தான். ரசிகர் குழுவில் இலவசமாக ஏற்றினான்.

மறுநாள்தான் தெரிந்தது. கதை முடிகிற மூன்றாம் தீவின் கோப்பைச் சேர்க்க மறந்திருந்தான்.

பதறிப்போய்த் திருத்தினான். ஏற்றப் போகும்போது கை நின்றது. யாருமே குறை சொல்லவில்லையே.

சரி, எவன் கண்டுபிடிக்கிறான், பார்ப்போம்.

பதினோரு நாள் ஆயிற்று. ஒருவனும் கண்டுபிடிக்கவில்லை.

தலைப்புத் திரை வந்ததும் படம் பிடித்துப் போட்டுவிட்டு, கருவியை அலமாரியில் வைத்துவிடுகிற ஜன்மங்கள். பந்தியில் உட்காராமலே பாயசம் பிரமாதம் என்கிற கூட்டம். இதுகளுக்காகவா முதுகொடிய உழைத்தோம் என்று எரிந்தது.

போன வாரம் கேமை உருவாக்கியவரே எழுதியிருந்தார். மூன்றாம் தீவு அசலைவிட நன்றாக வந்திருக்கிறதாம்.

அவர்மேல் இருந்த மரியாதையும் அன்றோடு போயிற்று.

பாராட்டுகளைத் தள்ளிக்கொண்டே போனான். நடுவே ஒரு செய்தி பிரிக்கப்படாமல் கிடந்தது. சாத்தான்குளத்திலிருந்து ஜெபராணி என்று ஒருத்தி.

"அண்ணே, ஒம்பது நாளா ரெண்டாந்தீவு படகுத்துறையிலயே நிக்கேன். படகு கெளம்பவே மாட்டேங்கு. பையில ஒரு கடுதாசி பாக்கி கெடக்கு. எல்லாரும் முடிச்சிட்டேன்னு எழுதுதாவ. எனக்குத்தான் வெளையாடத் தெரியலையோ?"

இரண்டு முறை படித்தான்.

முதல் வேலையாகச் சரியான கோப்பை ஏற்றினான். அதற்கு ஒரு நிமிடம்கூட ஆகவில்லை.

பிறகு பதில் எழுத உட்கார்ந்தான். தப்பு உங்களுடையது இல்லை என்று தொடங்கினான்.

அடுத்த வரியில் அந்தப் பதினோரு நாளைச் சொல்ல வேண்டியிருந்தது.