ஆர், ஓ, எம்

மாதவியின் லேப்டாப் திரையில் ஆர், ஓ, எம் என்று மூன்று எழுத்து இருந்தது. பக்கத்திலேயே தனேஷ் என்று பெயர்.

கங்கோங் கீரையை ஆய்ந்துகொண்டிருந்த நான், தண்ணீர் எடுக்கிற சாக்கில் மேசைப் பக்கம் வந்தேன். அப்படியே நின்றுவிட்டேன்.

எங்கள் ஊரில் ஆர்ஓஎம் என்றால் பச்சைப் பிள்ளைக்கும் தெரியும். கல்யாணப் பதிவு. தாலி, மண்டபம், விருந்து எல்லாம் பிறகு. முதலில் கையெழுத்து. கல்யாண வயதில் பிள்ளை வைத்திருப்பவளைப் பார்த்து "ஆர்ஓஎம் ஆயிருச்சா?" என்று கேட்காத வாய் பிரிக்ஃபீல்ட்ஸில் கிடையாது.

மாதவி என் ஒரே மகள். இருபத்தேழு வயது. அவள் அப்பா போய்ச் சேர்ந்து ஒன்பது வருஷம். அன்றிலிருந்து இந்த வீட்டில் நானும் அவளும்தான். ஒருத்திக்குத் தெரியாமல் மற்றவள் ஒரு செருப்புக்கூட வாங்கியதில்லை. அவளா இப்படி?

தனேஷ் அவளோடு வேலை பார்க்கிற காஜாங் ஊர்ப் பையன். இரண்டு முறை வீட்டுக்கு வந்தான், இரண்டு முறையும் கை நிறையச் சாத்தே, குச்சியில் சுட்ட கறி. அன்றைக்கே எனக்கு உறைத்திருக்க வேண்டும். சும்மா எவன் சாத்தே வாங்கித் தருவான்?

இப்போதும் அவனோடுதான் பேச்சு. சனிக்கிழமை மத்தியானம், காதில் ஹெட்போன், முகத்தில் ஒரு சிரிப்பு வேறு.

நான் அடுப்படிக்குத் திரும்பினேன். குழாயை மூடிவிட்டுக் காதைத் தீட்டிக்கொண்டேன்.

"எல்லாம் ஸ்கேன் பண்ணிட்டேன்லா. ஒண்ணு மட்டும் எடுக்கல. பேரை மாத்துனா எடுக்கும்."

ஐயையோ! ஸ்கேன் பண்ணியது அடையாளக் கார்டாகத்தான் இருக்கும். பேரை எதற்கடி மாற்றுகிறாய்? அது உன் அப்பா ஆசை ஆசையாக வைத்த பேர்!

அடுத்து ஒன்று சொன்னாள் பாருங்கள்.

"அம்மாகிட்ட இப்ப வேணாம். எல்லாம் செட் பண்ணிட்டுச் சொல்லிக்கலாம். இப்ப சொன்னா கத்துவாங்க."

கத்துவேனாம். பெற்று வளர்த்தவள் கத்துவாளாம், காஜாங்காரன் கத்தமாட்டானாம். அழுகை முட்டிக்கொண்டு வந்தது. அதைக் கோபமாக்கிக்கொண்டு கீரையும் கையுமாக வெளியே வந்தேன்.

"ஏன்டி, பெத்தவகிட்ட ஒரு வார்த்தை சொல்லணும்னு தோணலையா உனக்கு? பதிவு ஆபீஸ் போர்டுல பேரு ஒட்டியாச்சா? இருபத்தொரு நாளு ஒட்டி வெப்பாங்களே, யாரு யாரு பாத்தாங்களோ!"

மாதவி ஹெட்போனைக் கழற்றினாள்.

"எந்த போர்டும்மா?"

திரையில் இருந்த மூன்று எழுத்தைக் காட்டினேன். கீரைத் தண்ணீர் கீபோர்டில் சொட்டியது. அவள் திரையைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

"ஐயோ அம்மா, இதை ரோம்னு படிக்கணும்மா. பழைய வீடியோ கேமோட ஃபைலு!"

தனேஷ் சின்ன வயதில் விளையாடிய கேம்களாம். அவற்றைக் கம்ப்யூட்டரில் ஓட்ட ஒரு மென்பொருளாம். கேம் இருக்கிற ஃபோல்டரைக் காட்டினால் அதுவே ஒவ்வொன்றாகத் தேடி எடுத்து, அட்டைப்படம் ஒட்டி வரிசையாக அடுக்குமாம். பேர் தப்பாக இருந்தால் மட்டும் எடுக்காதாம். என்னிடம் மறைத்தது வேறொன்றும் இல்லை, இதையெல்லாம் ஹாலில் இருக்கிற என் டிவியில் மாட்டப்போகிறாள். என் சீரியல் நேரத்தில்.

பொம்மைக் கார், முகமூடிக்காரன், தொப்பை வைத்த கரடி என்று திரை முழுக்கப் படம். நாற்காலியில் தொப்பென்று உட்கார்ந்தேன். வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது. நானும் சிரித்தேன், கொஞ்சம் அதிகமாகவே.

அவள்தான் முதலில் சிரிப்பை நிறுத்தினாள்.

"இருபத்தொரு நாளு ஒட்டுவாங்கன்னு உங்களுக்கு யாரும்மா சொன்னா?"

"கேள்விப்பட்டதுதான்."

"யாருகிட்ட?"

ஆய்ந்த கீரையையே திரும்ப ஆய்ந்தேன். அவள் என் முகத்தை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

"கிள்ளான் அங்கிளா?"

கிள்ளானில் துணிக்கடை வைத்திருக்கிற பரமேஸ்வரனை அவள் அப்படித்தான் கூப்பிடுவாள். அவரும் துணையை இழந்தவர். எங்கள் இரண்டு பேர் பெயரும் பதிவு அலுவலகப் போர்டில் ஏறிப் பதினாறு நாளாகிறது. பதினாறு நாளும் சாயங்காலம் இவள் வீட்டுக்குள் நுழையும்போது சொல்லிவிட வேண்டும் என்றுதான் இருந்தேன். ஐம்பத்தைந்து வயதில் மகளிடம் எந்த முகத்தோடு சொல்வது? வெட்கமாக இருந்தது. அதைவிடப் பயமாக இருந்தது.

தலையை ஆட்டினேன். மாதவிக்குக் கண் நிறைந்துவிட்டது. சற்று முன் நான் கேட்ட கேள்வியை அவள் என்னைத் திருப்பிக் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை.

"வர்ற வெள்ளிக்கிழமை கையெழுத்து," என்றேன். "சாட்சிக்கு ரெண்டு பேரு வேணும். அவரு பக்கத்துக்கு அவரு தம்பி இருக்காரு. என் பக்கத்துக்கு யாருடி இருக்கா, உன்னை விட்டா?"

அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். ஹெட்போனை எடுத்துக் காதில் மாட்டினாள். அவ்வளவுதான், போயிற்று என்று நினைத்தேன்.

"தனேஷ், இருக்கியா?" கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "வெள்ளிக்கிழமை நான் லீவுலா. எங்க வீட்டுல கல்யாணம்."