மாப்பிள்ளை பார்த்த சண்டைப் படம்

“உவனுக்கு என்ரை பெட்டையைக் குடுக்க ஏலாது.” கரகரத்த குரலில் சொல்லிக்கொண்டே இளையதம்பி மோட்டார் சைக்கிளை விட்டு இறங்கினார்.

காலைவரை எல்லாம் ஒழுங்காகத்தான் இருந்தது. அளவெட்டி வாகீசனுக்கும் மகள் கீர்த்திகாவுக்கும் சாதகம் பொருந்தி, போட்டோவில் பார்த்து இரண்டு பேருக்கும் பிடித்தும் போயிருந்தது. இடையில் கலியாணத் தரகர் வாயை விட்டார்: மாப்பிள்ளைப் பொடியன் இன்றைக்குச் சிநேகிதரோடு சண்டைப் படத்துக்குப் போகிறானாம்.

உடனே மகாதேவி புருசன் இளையதம்பியைத் தியேட்டருக்குத் துரத்தினாள். பெண் கொடுக்குமுன் பொடியனை அவனுக்குத் தெரியாமல் போய்ப் பார்ப்பது இணுவிலில் எல்லாரும் செய்கிற வேலைதான்.

“கிட்ட இருந்து பாத்தனீங்களோ?” மகாதேவி வாசலிலேயே மறித்துக் கேட்டாள்.

“பக்கத்துச் சீற். எனக்கே வெக்கமாப் போச்சு.”

“தொண்டைக்கு என்ன?”

“ஏசிக் குளிர்.”

மகாதேவிக்கு அதற்குமேல் விசாரணை தேவைப்படவில்லை. சண்டைப் படம் என்றாலே அவளுக்கு ஆகாது. அவள் வீட்டு டிவியில் இதுவரை ஒரு குத்துக்கூட விழுந்ததில்லை.

“நான் அப்பவே சொன்னனான். முந்தி வாளைத் தூக்கிக்கொண்டு துள்ளினாங்கள். பிறகு கையாலை குத்தினாங்கள், குத்து விழ முந்திச் சத்தம் கேக்கும். இப்ப கயிறு கட்டிப் பறக்கிறாங்கள். ஒருத்தன் நாப்பது பேரை அடிக்கிறான், தலைமயிர் கலையிறேல்லை. மற்றவங்கள் சங்கக்கடைக் கியூவிலை நிக்கிற மாதிரித் தங்கடை முறை வருமட்டும் நிண்டு அடி வாங்குறாங்கள். உதுக்குக் கைதட்டுறவனுக்கு மண்டைக்குள்ளை என்ன இருக்கும்?”

இளையதம்பி செருப்பைக் கழற்றுவதில் மும்முரமாக இருந்தார்.

குசினி வாசலில் நின்ற கீர்த்திகாவுக்கு அழுகை முட்டியது. வாகீசன் இல்லையென்றால் வேறு ஒருவருக்கும் கழுத்தை நீட்டுவதில்லை என்று நேற்றுத்தான் தாயிடம் சொல்லியிருந்தாள்.

“அப்பா, அவர் அப்பிடி என்னதான் செய்தவர்?”

“ஒண்டும் செய்யேல்லைப் பிள்ளை. அதுதான் விசயம்.” இளையதம்பிக்கு ஆத்திரம் பொங்கியது. “சிநேகிதர் இழுத்துக்கொண்டு வந்தவங்களாம். கதாநாயகன் ரயிலைத் தூக்கிக் கப்பலுக்கு மேலை எறியிறான். தியேட்டரே எழும்பி நிக்குது, நான் சீற்றிலை ஏறி நிண்டு விசிலடிக்கிறன். உவன் கையைக் கட்டிக்கொண்டு கொட்டாவி விடுறான். உவனெல்லாம் ஒரு மனிசனோ?”

மகாதேவி புருசனை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு மகளின் பக்கம் திரும்பினாள்.

“போனைக் கொண்டா பிள்ளை, தரகருக்கு ஓம் எண்டு சொல்லுவம்.”