சுத்த லினக்ஸ்

“அவ வீட்டு வாசப்படியை இனி மிதிக்க மாட்டேன்” என்றார் பல் டாக்டர். வாயில் ஏதோ கசந்ததுபோல் முகம் சுளித்தார்.

பெற்ற பெண் ஆசை ஆசையாகக் கட்டிய வீட்டை ஒரு தடவை பார்த்துவிட்டு வந்தால் குறைந்தா போய்விடும் என்று கேட்டாள் மனைவி.

“நினைச்சாலே குமட்டுது.”

வீடு இருந்தது கம்ப்யூட்டருக்குள். கல் கல்லாக அடுக்கி ஊரையே எழுப்பும் கேம் அது. வேலைக்காக மகள் வெளியூர் போன பிறகு, அப்பாவும் பெண்ணும் தினமும் சந்தித்துக்கொண்டது அதில்தான்.

கம்ப்யூட்டரை இயக்க ஊரெல்லாம் விண்டோஸ் வைத்திருந்தாலும், டாக்டருக்கு அதற்கு மாற்றான லினக்ஸ் என்றால்தான் உயிர். மகளுக்கும் அதையே பழக்கியிருந்தார். லினக்ஸுக்கென்றே செய்த வெர்ஷனைத் தவிர வேறெதையும் தொட மாட்டார். மகளோ பேச்சுவாக்கில் உளறிவிட்டாள். லினக்ஸில் அவள் ஓட்டுவது விண்டோஸ் வெர்ஷனாம். நடுவில் ஒரு லேயரைப் போட்டுவிட்டால், தான் விண்டோஸில் இருப்பதாகவே கேம் நம்பிவிடுமாம். லினக்ஸ் வெர்ஷன் திக்கித் திக்கி ஓடுகிறது, கம்பெனிக்காரர்களே அதைக் கைகழுவிவிட்டார்கள் என்று அவள் சொன்ன சமாதானம் எதுவும் அவர் காதில் ஏறவில்லை.

“எனக்கு மட்டும் எப்படி வழுக்கிட்டு ஓடுது? போன லீவுக்கு அவ வந்திருந்தப்ப கொஞ்சம் மக்கர் பண்ணுச்சு. அப்புறம் தானா சரியாயிடுச்சு. சொந்தப் பல்லுக்கும் கட்டுப் பல்லுக்கும் வித்தியாசம் தெரியாமலா நான் தொழில் பண்றேன்?”

மகள் மூன்று முறை போன் செய்தாள். அவர் எடுக்கவில்லை. அம்மாவிடம் அழுதாள்.

சாப்பிடக்கூட வராமல் கம்ப்யூட்டர் முன் போய் உட்கார்ந்தார் டாக்டர். இருவரும் சேர்ந்து கட்டிய துறைமுகம் திரையில் விரிந்தது. கப்பல் கொடிகூடத் துல்லியமாக அசைந்தது. அசிங்கம் ஒட்டிக்கொண்ட இடம் இனி வேண்டாம், மொத்தத்தையும் அழித்துவிடப் போகிறேன் என்றார். ‘உறுதியாக அழிக்கவா?’ என்று கேட்டது கேம்.

மனைவி ஓடிவந்து மவுஸின் மேல் இருந்த அவர் கையை அழுத்திப் பிடித்தாள். சொல்லவே மாட்டேன் என்று மகளுக்குச் சத்தியம் செய்து கொடுத்திருந்தாள். இனிமேல் மறைத்துப் புண்ணியமில்லை.

“நீங்க விளையாடறதும் அந்த லேயர்லதாங்க.”