திரும்பத் திரும்ப அக்கா

"நேத்துதான் அழிச்சேன் மச்சான். காலையில பார்த்தா அக்கா மறுபடியும் உள்ள உட்கார்ந்திருக்கா."

போனை நீட்டியவன் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருப்பவன். வாங்கிப் பார்த்தவன் அவனுடைய பள்ளித் தோழன், கம்ப்யூட்டர் பழுது பார்ப்பவன். எந்தக் கோளாறானாலும் முதலில் அணைத்துவிட்டுப் போடச் சொல்வதால் 'ரீஸ்டார்ட்' என்பதே அவனுக்குப் பெயராகிவிட்டது.

"ஆஃப் பண்ணிப் போட்டுப் பார்த்தியா?"

"இதைத்தான் கேட்பேன்னு தெரிஞ்சு அதையும் பண்ணிட்டேன்."

சாப்பாட்டு மேசையின் மறுகோடியில் பரீட்சைத் தாள் திருத்திக்கொண்டிருந்த கடைக்காரனின் மனைவி தலையைத் தூக்கவில்லை.

"ஒரு நம்பரை அழிக்க ஆள் கூட்டிட்டு வந்திருக்காரு. அதே நம்பர்ல ரெண்டு வார்த்தை பேசியிருந்தா எப்பவோ முடிஞ்சிருக்கும்."

கடைக்காரன் நாற்காலியை ரீஸ்டார்ட் பக்கம் திருப்பிக்கொண்டான்.

அம்மா அப்பா போன பிறகு அவனை ஆளாக்கியவள் அக்காதான். இந்த வீட்டுக்குக் குடிவந்த அன்று மாமனார் மாமியார் முன்னால், "ஒரு ஆணி நேரா அடிக்கத் தெரியாது, இவனுக்குத் தனிக்குடித்தனம்" என்று சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டாள். அவன் சிரிக்காமல் ஏதோ பதில் சொல்லிவிட்டான். "இனிமே நீயா கூப்பிடற வரைக்கும் நான் கூப்பிட மாட்டேன்" என்று அவள் பழைய வீட்டுக்குத் திரும்பிப் போனாள். அன்றிலிருந்து அவளும் இறங்கிவரவில்லை, இவனும் இறங்கிப்போகவில்லை.

ஆனால் கடையை மூடும் நேரத்தில் விரல் தானாக அவள் பெயரில் போய் நின்றது. என்றைக்காவது அழுத்தித் தொலைத்துவிடுவோமோ என்ற பயத்தில்தான் எண்ணை அழிக்கத் தொடங்கினான். அது போகமாட்டேன் என்கிறது.

ரீஸ்டார்ட் மேசைமேல் இருந்த கம்ப்யூட்டரையும் போனையும் இணைக்கும் கேபிளை மாற்றினான். சார்ஜர் போடும் துளையை ஊதினான். இரண்டிலும் ஒரே எண்கள் இருக்கும்படி பார்த்துக்கொள்ளும் 'சிங்க்'கை நிறுத்தினான், மறுபடி போட்டான். போனில் அழித்தான், கம்ப்யூட்டரிலும் போய்விட்டது.

"போயிடுச்சு பாரு."

"இப்போ போகும். நாளைக்கு வரும்."

"மத்த நம்பரும் இப்படித்தான் வருதா?"

"இல்ல. தண்ணித் தொட்டி கழுவ வந்தவர் நம்பரை அழிச்சேன், அதோட சரி. இது மட்டும்தான்."

"அப்போ சிங்க்கே வேண்டாம், நிறுத்திடு."

"நிறுத்தினா கடைக்கு வர்றவங்க நம்பர் எதுவும் போனுக்கு வராது. கண்ணாடி ரெடின்னு யாருக்குச் சொல்றது?"

ரீஸ்டார்ட் தலையைச் சொறிந்தான். பிறகு மேசையின் மறுகோடியைக் கண்ணால் காட்டி, குரலைத் தாழ்த்தினான்.

"வீட்டுக்குள்ளயே யாராவது..."

"நான் திருத்தறது பரீட்சைப் பேப்பர் மட்டும்தாண்ணா" என்றாள் மனைவி. "உங்க சிநேகிதரைத் திருத்தறதை எப்பவோ விட்டுட்டேன்."

ரீஸ்டார்ட் அசடு வழியச் சிரித்தான். "சரி, இதுக்கு முன்னாடி வேற கம்ப்யூட்டர் வச்சிருந்தியா?"

"பழசை அந்த வீட்டுலயே போட்டுட்டு வந்துட்டேன். அங்க அதைத் தொட யாரு இருக்கா? அக்காவுக்குச் சொல்லிக்கொடுக்கப் போனேன். ஒத்த விரலை வச்சிக்கிட்டு எழுத்தைத் தேடறதுக்குள்ள சோறு ஆறிடும்னு எழுந்து போயிட்டா."

அதைச் சொல்லும்போது அவன் முகத்தில் லேசாகச் சிரிப்பு வந்து, உடனே போனது.

அழித்த இடத்தையே இருவரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மனைவி எழுந்துபோய் டீ போட்டுக்கொண்டு வந்து வைத்தாள். ரீஸ்டார்ட் முதல் வாய் குடித்தான். திரையில் 'அக்கா' வந்து நின்றது.

"இப்ப என்ன சொல்ற?"

ரீஸ்டார்ட் டம்ளரை வைத்துவிட்டு நாற்காலியைக் கொஞ்சம் பின்னால் தள்ளிக்கொண்டான். "இத்தனை வருஷத்துல இப்படி ஒண்ணைப் பார்த்ததில்ல மச்சான். அழிச்சாத்தானே வருது? அழிக்காதே. பேரை மாத்து. பார்த்ததுமே கை நிக்கற மாதிரி ஒரு பேரு வை."

அவன் யோசித்தான். 'அக்கா' என்பதை எடுத்துவிட்டு, 'கூப்பிடாதே' என்று தட்டி வைத்தான். தட்டிய பிறகு அதையே பார்த்துக்கொண்டிருந்தான். எழுதியது தனக்கா அவளுக்கா என்று அவனுக்கே சரியாகத் தெரியவில்லை.

"ரொம்பக் கடுமையா இருக்கோ?"

"அதை நம்பர்கிட்ட கேளுங்க" என்றாள் மனைவி.

ரீஸ்டார்ட் டீயைக் குடித்து முடித்தான். பையை எடுத்துத் தோளில் மாட்டினான். வாசல் வரை போனவன், "டேய், இங்க வா" என்ற நண்பனின் குரலுக்குத் திரும்பி ஓடிவந்தான்.

மனைவியின் ஒரு கையில் சிவப்புப் பேனா, மறு கையில் தாள். ரீஸ்டார்ட்டின் கைகள் பையின் பட்டையில். கடைக்காரனின் இரண்டு கைகளும் மேசைமேல். கீபோர்டை யாரும் தொடவில்லை.

திரையில் 'கூப்பிடாதே' இல்லை. அந்த இடத்தில் 'சரி போ நானே கூப்பிடறேன்' என்று இருந்தது.

மூவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே போன் அடித்தது. அதே பெயர்தான் அதிலும் ஒளிர்ந்தது. அவன் அழுத்திக் காதில் வைத்தான்.

"நீ விட்டுட்டுப் போன கம்ப்யூட்டர்ல தினமும் என் பேரு காணாமப் போகுது, நானும் ஒத்த விரலால தேடித் தேடித் திரும்ப ஏத்திக்கிட்டே இருக்கேன்" என்றாள் அக்கா. "ஆணிதான் அடிக்கத் தெரியாதுன்னு நினைச்சேன், உனக்கு என்னை அழிக்கக்கூடத் தெரியலையேடா."