சாயம் பூசிய முதுகு

"அந்த ஒல்ஃபாவை இனிமே இந்த ஹம்மாமுக்குள்ள விடவே கூடாது!"

நஜ்வா போட்ட சத்தத்தில், அந்தப் பொதுக் குளியல் கூடத்தின் வெந்நீர்த் தொட்டியோரம் குளித்துக்கொண்டிருந்த பெண்கள் எல்லாரும் திரும்பினார்கள்.

"அப்படி என்னடி பண்ணிட்டா?" என்றாள் மன்னூபியா. துனிஸ் பழைய நகரத்தில் பாதிப் பெண்களுக்கு முதுகு தேய்த்துவிடுபவள் அவள்தான்.

"வெறும் முதுகைப் போட்டோ பிடிச்சு, ஆளுயரத்துக்குக் கண்காட்சிச் சுவர்ல மாட்டியிருக்கா. 'இது நான்'னு கீழே எழுத்து வேற! முதுகு பூராத் தீக்காயம். புருஷன் பண்ணினதாம். அவளுக்குக் கல்யாணமே ஆகல! எல்லாம் சாயம்!"

பக்கத்தில் நஜ்வாவின் நாத்தனார் அவள் முகத்தையே உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தாள். மற்றவர்கள் ஆளுக்கு ஒன்று சொன்னார்கள்.

ஹம்மாம் முதலாளியம்மாவுக்கு வியாபாரம் கெடக் கூடாது. "நாளைக்கு அவ வந்தா, தேய்ச்சுவிட மாட்டேன்னு நீயே சொல்லி அனுப்பிடு" என்று மன்னூபியாவிடம் சொல்லிவிட்டாள்.

மன்னூபியாவுக்கு மனசு கேட்கவில்லை. ஒல்ஃபாவைச் சின்ன வயதிலிருந்து தேய்த்துவிட்டவள். கண்ணால் பார்க்காமல் எப்படித் துரத்துவது? வேலை முடிந்ததும் நேரே கண்காட்சிக்கே போய்விட்டாள்.

படத்துக்குக் கீழே, கழுத்துவரை துண்டைச் சுற்றிக்கொண்டு ஒல்ஃபா முக்காலியில் உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் ஓர் அட்டை: 'நினைப்பதை என் முகத்தைப் பார்த்துச் சொல்லுங்கள். பதில் பேச மாட்டேன்.' ஏழு நாள் இப்படி உட்காருவதுதான் அவள் கலையாம்.

"வெட்கங்கெட்டவ!" என்று சொல்லிவிட்டு ஒரு பெரிய மனிதர் வெளியேறினார். அவள் அசையவில்லை.

மன்னூபியா நிமிர்ந்து படத்தைப் பார்த்தாள்.

சாயமாவது மண்ணாவது! வலது தோளிலிருந்து இடுப்புவரை இறங்கும் அந்தத் தழும்பை ஆறு வருஷமாகத் தேய்த்துவிடுகிறவள் அவள். அந்த முதுகுக்காரி நாலு பேர் முன்னால் துண்டை அவிழ்க்க மாட்டாள். மூலை அறையில் கதவைச் சாத்திக்கொள்வாள். "அடுப்புல விழுந்துட்டேன்" என்பாள்.

முதுகைக் காட்டிக்கொண்டு யாராவது அடுப்பில் விழுவார்களா? மன்னூபியா ஒருநாளும் கேட்டதில்லை. இப்போது நினைக்க வெட்கமாக இருந்தது.

"ஏண்டி, இது நஜ்வா முதுகுடி!" என்றாள், ஒல்ஃபாவிடம் குனிந்து.

ஒல்ஃபா சட்டென்று அவள் கையைப் பிடித்தாள். கூடத்தில் வேறு யாரும் இல்லை என்று பார்த்துவிட்டு வாய் திறந்தாள்.

"வெளியே சொல்லிடாதீங்கக்கா. நாலு பேர் பார்க்கணும்னு அவதான் வந்து கேட்டா. பேர் தெரிஞ்சா புருஷன் கொன்னுடுவான். அதான் என் முதுகுன்னு போட்டுக்கிட்டேன்."

மன்னூபியாவுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. "நன்றி கெட்டவ! இன்னிக்கு உன்னைக் குளிக்கக்கூட விடக் கூடாதுன்னு எல்லாரையும்விட ஜாஸ்தியாக் கத்தினது அவதான். நாளைக்கு வரட்டும், நாலு வார்த்தை நறுக்குன்னு கேட்கிறேன்!"

"ஐயோ, கெடுத்துடாதீங்க! கத்தச் சொன்னதே நான்தான். படத்துல இருக்கிறது அவ முதுகோன்னு அவ நாத்தனாருக்கு ஏற்கெனவே சந்தேகம்."

ஒல்ஃபா கையை விடவில்லை.

"நாளைக்கு நான் குளிக்க வருவேன்க்கா. அந்த நாத்தனார் காதுல விழற மாதிரி, நீங்களும் என்னைத் திட்டித் துரத்திடுங்க."